சமரசத்தில் முடிந்த வழக்கு பொய் வழக்கா?

கணவனோ அவனுடைய உறவினரோ மனைவியைக் கொடுமைப்படுத்துவதை மூன்றாண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கத்தக்க குற்றமாக்கியது இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 498ஏ பிரிவு. 1983இல் சேர்க்கப்பட்ட அந்தப் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 85, 86 பிரிவுகளாகத் தொடர்கிறது. எண் மாறியும் ஒன்று மாறவில்லை. சாதாரணக் காயம், அவதூறு போன்ற குற்றங்களில் இரு தரப்பும் ஒத்துப்போனால் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலேயே வழக்கை முடித்துக்கொள்ளலாம். 498ஏ வழக்கை அப்படி முடிக்க முடியாது. கணவனும் மனைவியும் பிரிந்துபோக உடன்பட்டாலும், மறுபடி சேர்ந்து வாழ முடிவெடுத்தாலும், வழக்கை ரத்துசெய்ய உயர் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். தமிழ்நாட்டில் அதற்குச் சென்னைக்கோ மதுரைக் கிளைக்கோ பயணம். வழக்கறிஞர்கள் வாயில் ‘குவாஷ் மனு’ என்று புழங்குவது இதுதான். புகார் கொடுத்த பெண் நேரில் நிற்கிறாள், அடையாளம் சரிபார்க்கப்படுகிறது, கூட்டுச் சமரச மனு தாக்கலாகிறது, முதல் தகவல் அறிக்கை ரத்தாகிறது.

இப்படி ரத்தாகும் ஒவ்வொரு வழக்கும் இன்னொரு கணக்கிலும் ஏறிவிடுகிறது. காவல் நிலையத்திலும் நீதிமன்ற வராந்தாவிலும் தொலைக்காட்சி விவாதத்திலும் அது பொய் வழக்குக்கு அத்தாட்சி. உண்மையிலேயே கொடுமை நடந்திருந்தால் காசை வாங்கிக்கொண்டு விட்டுவிடுவாளா என்ற கேள்வியே பதிலாகவும் அமைந்துவிடுகிறது. கூடவே ஒரு புள்ளிவிவரமும் வரும். 2014இல் ஆர்னேஷ் குமார் வழக்கின் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் எடுத்துக்காட்டிய 2012ஆம் ஆண்டுக் கணக்கு அது: 498ஏ வழக்குகளில் குற்றப்பத்திரிகை தாக்கலாவது 93.6 விழுக்காடு, தண்டனையில் முடிவது 15 விழுக்காடு. இரண்டுக்கும் இடையிலுள்ள அத்தனையும் பொய் என்பது இந்தக் கருத்தின் கணக்கு. படித்தவர்களிடமும் பரவலாக இருக்கும் இந்தக் கருத்து, சட்டப்படியும் தவறு, கணக்குப்படியும் தவறு.

முதலில் சட்டம். ஒரு குற்ற வழக்கு தண்டனை இல்லாமல் முடிய வெவ்வேறு வழிகள் உண்டு. விசாரித்துப் பார்த்துப் புகாரில் உண்மையில்லை என்று காவல் துறையே முடித்துவைக்கலாம். புகாரை அப்படியே எடுத்துக்கொண்டாலும் குற்றம் ஆகாது என்றோ, பழிவாங்கும் நோக்கில் தொடுக்கப்பட்டது என்றோ உயர் நீதிமன்றம் ரத்துசெய்யலாம். பஜன்லால் வழக்கில் வகுக்கப்பட்ட அளவுகோல்கள் இதற்கானவை. சாட்சிகளை விசாரித்து நீதிமன்றம் விடுதலை செய்யலாம். சமரசத்தின் பேரில் ரத்தாவது இவற்றில் எதிலும் சேராது. அதில் நீதிமன்றம் புகாரின் உண்மையைத் தொடுவதே இல்லை.

2003இல் ஹரியானாவிலிருந்து வந்த பி.எஸ். ஜோஷி வழக்கில்தான் உச்ச நீதிமன்றம் இந்தக் கதவைத் திறந்தது. சமரசத்துக்கு உட்படாத குற்றம் என்றாலும், உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தின் கீழ் 498ஏ வழக்கை ரத்துசெய்யலாம் என்றது. இதில் ஐயம் எழுந்து, 2012இல் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு விடை சொன்னது: குடும்பம் சார்ந்த, தனிமனிதருக்கிடையிலான தகராறுகளில் பாதிக்கப்பட்டவரும் குற்றம் சாட்டப்பட்டவரும் தங்களுக்குள் தீர்த்துக்கொண்டுவிட்டால் தண்டனைக்கு வாய்ப்பு மங்கிவிடுகிறது, அப்படிப்பட்ட வழக்கை இழுத்துக்கொண்டு போவது இரு தரப்புக்கும் துன்பம். கொலை, வன்புணர்ச்சி, கொள்ளை போன்றவற்றுக்கு இது பொருந்தாது. வாய்ப்பு மங்குவதற்குக் காரணம், முக்கியச் சாட்சியான மனைவி இனிச் சாட்சி சொல்லப் போவதில்லை என்பது. குற்றம் நடக்கவில்லை என்பதை அந்தத் தீர்ப்பு நிபந்தனையாக வைக்கவில்லை. சொல்லப்போனால், நடக்காத குற்றத்துக்குச் சமரச மனுவே தேவையில்லை. அதற்குப் பஜன்லால் வழி திறந்தே இருக்கிறது.

சாட்சி பேசாமல் போனதால் வந்த விடுதலைக்கும் குற்றமற்றவர் என்ற விடுதலைக்கும் உள்ள வேறுபாட்டைத் தமிழ்நாடு அரசு நன்றாகவே அறியும். காவலர் தேர்வுக்கான அதன் பணி விதிகள், புகார்தாரர் பிறழ்சாட்சியானதால் விடுதலையானவரைக் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருதச் சொல்கின்றன. பெண்ணிடம் தகாத முறையில் நடந்ததாகக் குற்றம் சாட்டப்பட்ட தமிழ்நாட்டுக் காவலர் ஒருவர், சாட்சிகள் பிறழ்ந்ததால் விடுதலையாகி, வேலையைத் திரும்பக் கேட்டார். அது மாண்புடன் கூடிய விடுதலை ஆகாது என்று 2012இல் உச்ச நீதிமன்றம் அவருடைய பணிநீக்கத்தை உறுதிசெய்தது. தனக்கு ஆள் எடுக்கும்போது அரசு இவ்வளவு எச்சரிக்கையாக இருக்கிறது. அடிபட்டதாகச் சொன்ன மனைவியின் வழக்கு என்றால் மட்டும், சாட்சி மௌனமானதே அவள் பொய் சொன்னதற்கு அடையாளமாகிவிடுகிறது.

இனிக் கணக்கு. தேசியக் குற்ற ஆவண வாரியத்தின் தண்டனை விகிதம், விசாரணை முழுதாக முடிந்த வழக்குகளிலிருந்து எடுக்கப்படுவது. உயர் நீதிமன்றம் ரத்துசெய்தவை அந்தக் கணக்கில் சேர்வதில்லை. அதனால், சமரசமான வழக்குகளையும் 15 விழுக்காட்டையும் ஒரே மூச்சில் சொல்லி இரண்டும் ஒன்றையே நிரூபிப்பதாகக் காட்டுவது முதல் பிழை. சமரசம் அந்த விகிதத்தைப் பாதிக்கவில்லை என்பதல்ல. பாதிக்கும் விதம் வேறு. உயர் நீதிமன்றத்துக்குப் போகச் செலவும் அலைச்சலும் ஆகும். அதைத் தவிர்க்க நினைக்கும் தம்பதி, உள்ளூர் மாஜிஸ்திரேட் முன்னால் மனைவியைக் கூண்டில் ஏற்றி, ‘அப்படி எதுவும் நடக்கவில்லை’ என்று சொல்லவைத்து வழக்கை முடித்துக்கொள்கிறார்கள். அது ஏட்டில் விசாரணை முடிந்த விடுதலை. உண்மையில் அதுவும் ஒரு சமரசமே, சட்டம் நேர்வழியை அடைத்ததால் கொல்லைப்புறமாக நுழைந்த சமரசம்.

இரண்டாவது பிழை இன்னும் ஆழமானது. எந்த வழக்கு சமரசத்துக்குப் போகிறது? ஆதாரம் வலுவாக இருக்கும் வழக்கில்தான் குற்றம் சாட்டப்பட்டவனுக்குச் சமரசத்தின் அவசரம் அதிகம். மருத்துவமனைப் பதிவு இருக்கிறது, கடன் வாங்கி வரச் சொன்ன குறுஞ்செய்தி இருக்கிறது, அக்கம்பக்கத்தார் சொல்லத் தயாராக இருக்கிறார்கள் என்றால், அரசு வேலையிலோ வெளிநாட்டு வேலையிலோ இருக்கும் கணவன் தண்டனைக்குக் காத்திருக்க மாட்டான். நகையைத் திருப்பி, தொகையைப் பேசி, கையெழுத்து வாங்கப் பார்ப்பான். ஆதாரம் இல்லாத வழக்கில் அவனுடைய வழக்கறிஞர் ‘நடத்தியே பார்ப்போம்’ என்பார். ஆக, சமரசத்தின் வழியே வெளியேறும் வழக்குகளில் தண்டனைக்கு நெருங்கியவையும் கணிசமாக இருக்கும். விசாரணைக்கு மிஞ்சுபவற்றில் பலவீனமானவையின் பங்கு கூடும். அப்படி மிஞ்சியதன் தண்டனை விகிதத்தை வைத்து மொத்தப் புகார்களின் உண்மையை அளப்பதற்கில்லை.

பணம் வாங்கினாள் என்பது அடுத்த குற்றச்சாட்டு. அந்தப் பணம் எது என்று பிரித்துப் பார்த்தால் குற்றச்சாட்டு மெலிந்துபோகும். சமரசப் பட்டியலில் முதலில் வருவது பெரும்பாலும் திருமணத்தின்போது அவளுக்குப் போட்ட நகையும் சீர்ப் பொருள்களும். பெண்ணின் சீதனம் அவளுக்கே முழு உரிமையான சொத்து, கணவன் வீட்டில் இருந்தாலும் அது அவனுடையதாகிவிடாது என்று 1985லேயே பிரதிபா ராணி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தன் பொருளைத் திரும்பப் பெறுவது விலை பெறுவதாகாது. அடுத்தது ஜீவனாம்சம். மணமுறிவின்போது நிரந்தர ஜீவனாம்சம் பெற இந்துத் திருமணச் சட்டத்தின் 25ஆம் பிரிவில் வழி இருக்கிறது. குழந்தைக்கான பராமரிப்போ தகப்பனின் கடமை. இவற்றைத் தனித்தனி மனுக்களாகக் குடும்ப நல நீதிமன்றத்தில் போட்டு, உத்தரவு வாங்கி, அதை நிறைவேற்ற இன்னொரு மனு போட்டு அலைவதற்குப் பதிலாக ஒரே தொகையாகப் பேசி வாங்குகிறாள். ‘செட்டில்மெண்ட்’ என்ற பெயரில் கைமாறுவதில் பெரும்பகுதி, சட்டப்படி எப்படியும் தரவேண்டியதாக இருந்த பாக்கி.

வழக்கைக் காட்டித்தானே அந்தப் பாக்கியை வசூலிக்கிறாள், குற்றவியல் சட்டம் வசூல் கருவியா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி; ஆனால் இந்த நாடு அதற்கு வேறொரு இடத்தில் ஏற்கெனவே பதில் சொல்லியிருக்கிறது. காசோலை திரும்பிய வழக்கும் குற்ற வழக்குதான். செலாவணி முறிச் சட்டத்தின் 138ஆம் பிரிவில் இரண்டாண்டு வரை சிறை உண்டு. அந்த வழக்குகள் பணம் கட்டியதும் மக்கள் நீதிமன்றத்தில் கொத்துக் கொத்தாக முடிகின்றன. பணம் வாங்கிக்கொண்டு வழக்கை முடித்த வியாபாரியைப் பொய் வழக்குப் போட்டவர் என்று ஒருவரும் சொல்வதில்லை. 2010இல் தாமோதர் பிரபு வழக்கில் உச்ச நீதிமன்றம், தாமதமாகச் சமரசத்துக்கு வரும் குற்றம் சாட்டப்பட்டவர் காசோலைத் தொகையில் 10 முதல் 20 விழுக்காடு வரை கூடுதலாகக் கட்ட வேண்டும் என்று விதித்தது. இழுத்தடித்த பழி அங்கே கொடுக்க வேண்டியவன் மேல் விழுகிறது. திருமண வழக்கில் அதே சமரசத்தின் பழி வாங்க வேண்டியவள் மேல் விழுகிறது. கடன்காரனிடம் காட்டாத தாட்சண்யத்தைக் கணவனிடம் காட்டுவதற்குச் சட்டத்தில் காரணம் இல்லை, வழக்கத்தில்தான் இருக்கிறது.

மிகைப்படுத்திய புகார்கள் இல்லையா? இருக்கின்றன. வேறு ஊரில் வாழும் நாத்தனாரையும் படுக்கையில் கிடக்கும் மாமனாரையும் சேர்த்துப் பொத்தாம்பொதுவாகப் புகாரில் எழுதுவது நெடுநாள் நோய். 2010இல் பிரீத்தி குப்தா வழக்கு, 2022இல் கஹ்கஷான் கௌசர் வழக்கு, 2024 டிசம்பரில் தாரா லட்சுமி நாராயணா வழக்கு என உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்ப இதைக் கண்டித்திருக்கிறது. கண்மூடித்தனமான கைதும் உண்மையாக நடந்த கொடுமைதான். ஆர்னேஷ் குமார் தீர்ப்பின்படி 2012இல் மட்டும் 498ஏயில் கைதான பெண்கள் 47,951 பேர். அந்தத் தீர்ப்பு, இப்பிரிவு மனம் கசந்த மனைவியருக்குக் கேடயமாக இல்லாமல் ஆயுதமாகிறது என்று கடுமையாகவே சொன்னது. ஆனால் அது கொடுத்த பரிகாரம் கைதைக் கட்டுப்படுத்துவது. ஏழாண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் காரணத்தை எழுத்தில் பதியாமல் கைது கூடாது என்பது. 15 விழுக்காட்டை மேற்கோள் காட்டுபவர்கள் இந்தப் பகுதியை எடுத்துச் சொல்வது அபூர்வம். மேலும், மிகைப் புகாரை நீதிமன்றம் ஆதாரத்தைப் பார்த்து ரத்துசெய்கிறது. அதற்கான தீர்ப்பில் அந்தக் காரணமே எழுதப்படுகிறது. சமரசத் தீர்ப்பில் அது எழுதப்படுவதில்லை. பொய் வழக்குகளை எண்ண உண்மையிலேயே விரும்புபவர், இரண்டையும் கலக்காமல் இருப்பதில்தான் முதல் அக்கறை காட்ட வேண்டும்.

மறுபக்கத்து எண்ணிக்கை ஒன்றும் உண்டு. 2019–21 தேசியக் குடும்ப நல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 18 முதல் 49 வயது வரையிலான, திருமணமான பெண்களில் 38.1 விழுக்காட்டினர் கணவனின் வன்முறைக்கு ஆளானவர்கள். நாடு முழுவதும் வன்முறைக்கு ஆளான பெண்களில் எவரிடமேனும் உதவி கேட்டவர்கள் ஏறத்தாழ 14 விழுக்காடு. அதிலும் பெரும்பகுதி பிறந்த வீட்டோடு நின்றுவிடுகிறது, காவல் நிலையம் வரை வருவது மிகச் சொற்பம். எடுத்ததற்கெல்லாம் பெண்கள் வழக்குப் போடுகிறார்கள் என்ற பேச்சு இந்த எண்களோடு ஒட்டவில்லை.

இந்தக் கருத்தின் விளைவுகள் பேச்சோடு நிற்பவை அல்ல. முதல் விளைவு சமரச மனுவின் வாசகத்தில் தெரிகிறது. தொகை முடிவான பிறகு, கணவன் தரப்பு ஒரு வாக்கியத்துக்காக மல்லுக்கட்டும்: ‘தவறான புரிதலாலும் பிறர் தூண்டுதலாலும் கொடுத்த புகார்’. வழக்கை ரத்துசெய்ய அந்த வாக்கியம் தேவையே இல்லை. இருவருக்கும் உடன்பாடு ஏற்பட்டுவிட்டது, வழக்கைத் தொடர விருப்பமில்லை என்ற இரண்டு செய்திகள் போதும். ஆனாலும் அது கேட்கப்படுகிறது, கொடுக்கவும் படுகிறது. ஜீவனாம்சமும் மணமுறிவும் அந்தக் கையெழுத்துக்காகக் காத்திருக்கும்போது ஒரு வாக்கியத்துக்காக யார் சண்டை போடுவார்கள்? பிறகு அதே வாக்கியமே ‘அவளே ஒப்புக்கொண்டாள்’ என்று சுற்றுக்கு விடப்படுகிறது. கருத்து தனக்கான ஆதாரத்தைத் தானே தயாரித்துக்கொள்ளும் இடம் இது.

இரண்டாவது விளைவு புகார் கொடுக்க வரும் அடுத்த பெண்ணுக்கு. அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் மனு ரசீது மட்டும் கொடுத்து, ‘எப்படியும் நாளைக்கு சமாதானமாகப் போகப்போறீங்க, பேசிப் பாருங்கம்மா’ என்று திருப்பி அனுப்புவதற்கு இந்தக் கருத்தே நியாயமாகிறது. பேசிப் பார்ப்பதில் குற்றமில்லை. சமரசத்துக்கு இடமிருந்தால் சமரச மையத்துக்கு அனுப்பலாம் என்று 2013இல் கே. சீனிவாச ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொன்னது. நீதிமன்றத்தோடு இணைந்த அத்தகைய மையத்தைச் சென்னை உயர் நீதிமன்றம் 2005லேயே தொடங்கிவிட்டது. ஆனால் பதிவான வழக்கோடு பேச உட்காருவதும், வெறும் ரசீதோடு உட்காருவதும் ஒன்றல்ல. இரண்டாவதில் அவள் பேச்சுக்குக் கனமே இல்லை.

மூன்றாவது, கொள்கை மட்டத்தில். 2017இல் ராஜேஷ் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு, ஒவ்வொரு மாவட்டத்திலும் குடும்ப நலக் குழு அமைத்து, அதன் அறிக்கை வரும்வரை பொதுவாகக் கைது கூடாது என்றது. சட்டத்தில் இல்லாத அமைப்பு என்று 2018இல் மூன்று நீதிபதிகள் அமர்வு குழுக்களை நீக்கியது. சமரசம் ஏற்பட்டால் உயர் நீதிமன்றத்தை அணுகலாம் என்பதையும் அங்கேயே தெளிவாக்கியது. 2025 ஜூலையில், அலகாபாத் உயர் நீதிமன்றம் 2022இல் வகுத்த நெறிகளை உச்ச நீதிமன்றம் ஏற்றதன் மூலம் அந்தக் குழுக்கள் இரண்டு மாத ஆறப்போடும் காலத்தோடு திரும்பி வந்தன. அவை திரும்பி வந்த வழக்கு கவனிக்கத்தக்கது. கணவரும் மாமனாரும் நூறு நாளுக்கு மேல் சிறையிலிருந்த வழக்கு அது. அவர்கள் பட்டது பெரிது. ஆனால் இரு தரப்பும் எல்லா வழக்குகளையும் முடித்துக்கொள்ள முன்வந்த நிலையில், குற்றச்சாட்டின் உண்மை விசாரணையில் சோதிக்கப்படாமலே முடிந்த வழக்கு. அப்படி முடிந்த ஒன்றிலிருந்து, இனி வரும் புகார்களுக்கெல்லாம் பொதுவான காத்திருப்பு பிறந்தது.

இத்தனையும் சமரசத்துக்கு எதிரான வாதம் அல்ல. பத்தாண்டு வழக்காடிப் பெறும் தண்டனையைவிட, முப்பது வயதில் கையில் கிடைக்கும் நகையும் விடுதலையும் ஒரு பெண்ணுக்குப் பெரிதாக இருக்கலாம். அதை முடிவுசெய்ய வேண்டியவள் அவள். சமரசம் அவளுடைய முடிவுதானா, பேசியது கிடைத்ததா என்று பார்ப்பது நீதிமன்றத்தின் வேலை. தொகை முழுதும் கைக்கு வந்த பிறகே ரத்து உத்தரவு வர வேண்டும். பின்தேதியிட்ட காசோலையை நம்பி வழக்கை முடித்தால், திரும்பிய காசோலையோடு அவள் இன்னொரு நீதிமன்றப் படி ஏற வேண்டியிருக்கும். குழந்தையின் பராமரிப்பைத் தாய் விட்டுக்கொடுத்து எழுதித் தந்தாலும் அது குழந்தையைக் கட்டுப்படுத்தாது. கொலை முயற்சி அளவுக்குப் போன காயமிருந்தால், 2014இல் நரிந்தர் சிங் வழக்கு சொன்னபடி காயத்தின் தன்மையையும் ஆயுதத்தையும் பார்த்தே முடிவெடுக்க வேண்டும். வரதட்சணை மரணத்தில் பெண்ணின் பெற்றோர் சமாதானமாவது கணக்கில் வராது. சமாதானமாக வேண்டியவள் உயிரோடு இல்லை.

பணத்தை வாங்கிக்கொண்டு வழக்கை முடிக்க மறுக்கும் பெண்ணைப் பற்றிய அச்சத்துக்கும் விடை ஏற்கெனவே உண்டு. சமரசப்படி மணமுறிவு பெற்ற பிறகு குற்ற வழக்கை மட்டும் தொடர்ந்த மனைவியின் வழக்கை, நடைமுறையைத் தவறாகப் பயன்படுத்துவதாகச் சொல்லி 2004இல் ருசி அகர்வால் வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்துசெய்தது. கணவனைக் காக்கச் சட்டத்தில் இடமில்லை என்பது உண்மையல்ல.

மீண்டும் சேர்ந்து வாழப் போகும் தம்பதியின் நிலைதான் எல்லாவற்றிலும் சிக்கலானது. வழக்கு ரத்தாகி, வீடு திரும்பி, நாலு மாதத்தில் மறுபடி அடி விழுந்தால், அவளுடைய இரண்டாவது புகாருக்கு முதல் ரத்து உத்தரவே எதிர்ச்சாட்சியாகிறது: ‘ஏற்கெனவே ஒரு பொய்க் கேஸ் போட்டவள்’. ஆந்திரப் பிரதேசம் 2003இல் செய்த மாநிலத் திருத்தம் இதற்கு ஓரளவு வழி வைத்திருந்தது. அங்கே 498ஏ நீதிமன்ற அனுமதியோடு சமரசம் செய்துகொள்ளத்தக்க குற்றமானது. ஆனால் சமரசம் கேட்ட நாளிலிருந்து மூன்று மாதம் கழிந்தே அதை ஏற்கலாம், இடையில் எவரும் பின்வாங்காமல் இருக்க வேண்டும். அந்த மூன்று மாதமும் வழக்கு உயிரோடு இருக்கும். 2011இல் சட்ட ஆணையத்தின் 237ஆவது அறிக்கையும் நீதிமன்ற அனுமதியோடு சமரசத்துக்கு இடமளிக்கப் பரிந்துரைத்தது. அது நடந்திருந்தால் சேலத்துத் தம்பதியோ நாகர்கோவில் தம்பதியோ தங்கள் ஊர் மாஜிஸ்திரேட் முன்னாலேயே, பொய்ச் சாட்சியம் சொல்லாமல், நடந்ததை மறுக்காமல் வழக்கை முடித்துக்கொண்டிருக்கலாம். 2023இல் குற்றவியல் நடைமுறைச் சட்டம் முழுவதையும் புதிதாக எழுதியபோது அதற்கு வாய்ப்பு இருந்தது. ஆனால் அந்தப் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவில், சமரசம் செய்துகொள்ளத்தக்க குற்றங்களின் அட்டவணையில் நியாய சன்ஹிதாவின் 85ஆம் பிரிவு இடம்பெறவில்லை.